கேமராவுக்குச் செலவழிக்கும் காசைப் பள்ளிக்கூடத்துக்குக் கொடுத்தால் என்ன?

கனடாவின் ஸ்கார்பரோவில் இருந்து ஒரு தகப்பனார் இங்கே கேட்டிருக்கிறார். விடுதிப் பள்ளிகளுக்குக் கொண்டுபோகப்பட்ட பூர்வகுடிக் குழந்தைகளை நினைவுகூரும் ஆரஞ்சுச் சட்டை நாளான செப்டம்பர் 30 அன்று, மகளின் வகுப்பில் ஒரு பூர்வகுடி இளைஞர் எடுத்த ஐந்து நிமிட ஆவணப்படத்தைப் போட்டுக் காட்டினார்களாம். மகள் இரண்டு நாளாக அதையே பேசிக்கொண்டிருக்கிறாளாம். அவருக்கு வந்த சந்தேகம் இது: ‘படிப்பைப் பாதியில் விட்ட பிள்ளைகள் கையில் கேமராவைக் கொடுத்தால் தொலைந்த அடையாளம் திரும்பி வந்துவிடுமா? அந்தக் காசில் அவர்கள் ஊரில் ஒரு நல்ல பள்ளிக்கூடம் கட்டலாமே? இதெல்லாம் அரசாங்கம் தன் குற்ற உணர்ச்சிக்குப் பூசிக்கொள்ளும் மருந்துதானா?’

கேள்வி சற்றுக் கடுமையாக இருக்கிறது என்று சிலர் கோபப்பட்டிருக்கிறார்கள். எனக்கு அப்படித் தோன்றவில்லை. படிப்பை நம்பி இந்த நாட்டுக்கு வந்து, படிப்பால் நிமிர்ந்த ஒரு சமூகத்துக்காரர் கேட்கக்கூடிய கேள்விதான். அவர் கேட்பதில் இரண்டு விஷயங்கள் பிணைந்திருக்கின்றன. இந்தப் படங்களால் அந்தப் பிள்ளைகளின் கல்விக்கு ஏதாவது நடக்கிறதா என்பது ஒன்று. இந்த வேலை யாருக்காக நடக்கிறது என்பது மற்றொன்று. இரண்டாவதுக்கு ஓரளவு உறுதியாகப் பதில் சொல்ல முடியும். முதலாவதில் நிறைய ‘இருக்கலாம்’ வரும்.

என்னைப் பற்றி ஒரு வரி. மொண்ட்ரியாலில் படத்தொகுப்பு கற்றுக்கொடுப்பது என் வேலை. பல வருடங்களாகக் கோடையில் வடக்கே போய் அனிஷினாபே, அட்டிகமேக் என்ற பூர்வகுடி இனங்களின் ஊர்களில் நடக்கும் பட்டறைகளில் எடிட்டிங் மேசைக்குப் பக்கத்தில் உட்கார்ந்து உதவுகிறேன். நான் பூர்வகுடி அல்ல. அவர்களுடைய அடையாளம் எது என்று சொல்லும் இடம் எனக்கில்லை. மேசையில் என்ன நடக்கிறது என்று சொல்லலாம். நான் பேசுவது கெபெக்கைப் பற்றி. மேற்கு மாகாணங்களுக்கும் இன்யூயிட் பகுதிகளுக்கும் இதை அப்படியே பொருத்திப் பார்க்க வேண்டாம்.

இந்தக் கேள்வியை உங்களுக்கு முன்பே ஒருவர் கேட்டுவிட்டார். 1966இல் சோல் வொர்த், ஜான் அடேர் என்ற இரண்டு அமெரிக்க ஆய்வாளர்கள் அரிசோனாவில் பைன் ஸ்பிரிங்ஸ் என்ற நவஹோ பூர்வகுடி ஊருக்குப் போய், அங்குள்ளவர்களுக்குப் படமெடுக்கக் கற்றுக்கொடுக்க அனுமதி கேட்டார்கள். சாம் யாசி என்ற முதியவர் எல்லாவற்றையும் கேட்டுவிட்டு, படமெடுத்தால் ஆடுகளுக்குக் கெடுதல் வருமா என்றார். வராது என்றார்கள். ஆடுகளுக்கு நல்லது ஏதாவது நடக்குமா என்றார். அதுவும் இல்லை என்று ஒப்புக்கொள்ள வேண்டியதாயிற்று. அப்படியானால் எதற்கு எடுக்க வேண்டும் என்று கேட்டாராம். நவஹோக்களின் வாழ்வாதாரம் ஆடு, ஆகவே அது முழுக்க நியாயமான கேள்வி. நீங்கள் ஆட்டுக்குப் பதிலாகப் பள்ளிக்கூடத்தை வைத்துக் கேட்கிறீர்கள்.

ஆனால் ‘பள்ளிக்கூடம்’ என்று நீங்கள் சொல்லும்போதும் அந்த ஊர்ப் பாட்டி ஒருவர் சொல்லும்போதும் மனதில் வருவது ஒன்றல்ல. 1880களில் தொடங்கி 1990கள் வரை ஏறத்தாழ 1,50,000 முதற்குடி, இன்யூயிட், மேட்டி என்ற மூன்று பூர்வகுடிப் பிரிவுகளின் குழந்தைகள் விடுதிப் பள்ளிகளுக்குக் கொண்டுபோகப்பட்டார்கள். 1920இல் சட்டத்தைத் திருத்தி அதைக் கட்டாயமாகவும் ஆக்கினார்கள். தாய்மொழியில் பேசினால் அடி. தலைமுடியை வெட்டிவிடுவார்கள். வீட்டிலிருந்து வந்த உடையைப் பிடுங்கிவிடுவார்கள். உங்கள் மகள் பள்ளியில் ஆரஞ்சுச் சட்டை போடுவதே ஆறு வயதில் அப்படிச் சட்டை பிடுங்கப்பட்ட ஒரு பெண்ணின் அனுபவத்திலிருந்து வந்த வழக்கம்தான். உண்மை மற்றும் நல்லிணக்க ஆணையம் 2015இல் தந்த அறிக்கை இதைப் பண்பாட்டு இனப்படுகொலை என்றே எழுதியது, கூடவே 94 பரிந்துரைகளையும் வைத்தது.

கெபெக்கில் இது இன்னும் கிட்டத்து வரலாறு. ஆமோஸ் நகருக்குப் பக்கத்தில் சேன் மார்க் தெ ஃபிகெரி என்ற இடத்தில் இருந்த விடுதிப் பள்ளி 1955இல்தான் திறந்தது, 1973 வரை நடந்தது. லாக் சேன் ஜான் ஏரிக்கரையில் இருந்தது 1991இல்தான் மூடப்பட்டது. 1965இல் ஆறு வயதில் அங்கே போன குழந்தைக்கு இன்று அறுபத்தைந்தைத் தாண்டியிருக்கும், அவ்வளவுதான். பட்டறைக்கு வரும் பதினேழு வயதுப் பையனின் பாட்டி அவர். படிப்பு என்ற பேச்சு எடுத்ததும் அந்த வீட்டில் பேச்சு நின்றுவிடுகிறது என்றால், அவர்களுக்குப் படிப்பின் அருமை தெரியவில்லை என்று நாம் முடிவு கட்டக் கூடாது. பாட்டி வாயைத் திறப்பதில்லை. அம்மா அந்த மௌனத்தில் வளர்ந்தவர். பையனுக்கு என்ன கேட்பது என்றே தெரியாது. இந்த மூன்று பேருக்கும் நடுவில் அறுந்துபோனதைப் புதுக் கட்டடம் கட்டி ஒட்டவைக்க முடியாது. கட்டடம் வேண்டாம் என்று நான் சொல்லவில்லை, அதற்குப் பின்னால் வருகிறேன்.

இப்போது இரண்டாவது கேள்வி, இது யாருக்காக. இந்த நாட்டில் பூர்வகுடி இளைஞர்களுக்குப் படமெடுக்கக் கற்றுக்கொடுப்பது அரசாங்கத் திட்டமாகத்தான் தொடங்கியது. தேசியத் திரைப்பட வாரியம் 1967இல் சமூக மாற்றத்துக்காகப் படம் என்ற நோக்கத்தில் ஒரு பெரிய திட்டத்தை ஆரம்பித்தது. அதன் கீழ் 1968இல் பூர்வகுடி இளைஞர்கள் மட்டுமே கொண்ட ஒரு குழுவுக்குப் பயிற்சி கொடுத்தார்கள். அதில் இருந்தவர்களில் ஒருவர் அக்வெசாஸ்னேயைச் சேர்ந்த மோஹாக் இளைஞர் மைக் மிட்செல். ஒண்டாரியோ, கெபெக், நியூயார்க் மூன்றும் சந்திக்கும் இடத்தில், எல்லைக்கோடு ஊடே ஓடும் ஊர் அது. சொந்த ஊருக்குள்ளேயே அந்தப் பக்கமிருந்து இந்தப் பக்கம் சாமான் கொண்டுவந்தால் சுங்கம் கட்ட வேண்டும் என்றது அரசு. 1794 ஒப்பந்தப்படி எங்களுக்குச் சுங்கம் கிடையாது என்றார்கள் இவர்கள். 1968 டிசம்பர் 18 அன்று கார்ன்வால் பாலத்தை மறித்தார்கள். மிட்செல் வாரியத்தைக் கூப்பிட்டுப் படக்குழுவை வரவழைத்திருந்தார். படத்தில், பனியில் கார்களை நிறுத்திவைத்து, போலீஸ்காரர்களிடம் நிதானமாக வாதம் செய்துகொண்டிருப்பவரும் அவரேதான்.

‘You Are on Indian Land’ என்ற பெயரில் 1969இல் வெளிவந்த அந்தப் படத்துக்கு இயக்குநர் என்று வாரியத்தின் மோர்ட் ரான்சன் பெயர் போயிற்று. மிட்செல் பெயர் இயக்குநர் இடத்துக்கு வர 2017 ஆயிற்று. ரான்சனும் அதற்குச் சம்மதித்தார். கிட்டத்தட்ட ஐம்பது வருடம். வாரியம் கெட்ட எண்ணத்தில் அப்படிச் செய்ததாக நான் நினைக்கவில்லை. அந்தக் காலத்து வழக்கத்தில் கேமராவும் ஃபிலிமும் சம்பளமும் யாருடையதோ படமும் அவர்களுடையது, அதை யாரும் யோசித்துக்கூடப் பார்க்கவில்லை. நல்ல நோக்கத்தோடு தொடங்கிய திட்டத்திலேயே இப்படி நடக்குமென்றால் உங்கள் சந்தேகத்துக்கு இடமிருக்கிறது. அதனால்தான் ஒரு படத்தைப் பார்க்கும்போது நான் முதலில் தேடுவது, எதை வைப்பது, எதை வெட்டுவது என்று கடைசியாக முடிவு செய்தவர் யார் என்பதைத்தான். கேமராவைப் பிடித்தவர் யார் என்பது அதற்கு அடுத்தபடி.

கெபெக்கில் இன்று இந்த வேலையில் பெரிய பெயர் வாபிகோனி மொபில். மனோன் பார்போ என்ற ஆவணப்பட இயக்குநர் வெமோதாசி என்ற அட்டிகமேக் ஊரின் இளைஞர்களோடு சேர்ந்து ஒரு திரைக்கதை எழுதிக்கொண்டிருந்தார். அந்தக் கூட்டத்தில் எல்லாரையும் இழுத்துக்கொண்டு போன பெண் வாபிகோனி அவாஷிஷ். 2002இல், இருபது வயதில், சாலையில் நின்றிருந்த மர லாரியில் கார் மோதி இறந்துபோனார். அந்த ஊர்ச் சாலைகளில் நடமாட்டம் பெரும்பாலும் மர லாரிகள்தான், காடு லாரி ஏறிப் போய்க்கொண்டே இருக்கும். பார்போ, அட்டிகமேக் நாட்டின் மன்றத்தோடும் கெபெக், லாப்ரடார் முதற்குடி இளைஞர் அமைப்போடும் சேர்ந்து, அந்தப் பெண்ணின் பெயரிலேயே ஒரு நடமாடும் படப்பிடிப்பு நிலையத்தைத் தொடங்கினார். 2004இல் முதல் வண்டி கிளம்பியது. விடுமுறைக்குக் குடும்பங்கள் எடுத்துப்போகும் பெரிய கேம்பர் வண்டிதான். உள்ளே தொகுப்புக் கணினிகள், ஒலிப்பதிவுச் சாமான்கள். ஓர் ஊரில் ஏறக்குறைய ஒரு மாதம் நிற்கும். இரண்டு திரைப்படப் பயிற்சியாளர்கள், உள்ளூர் ஒருங்கிணைப்பாளர் ஒருவர், மனநலம் பார்த்துக்கொள்ளும் சமூகப் பணியாளர் ஒருவர். மாதக் கடைசியில் ஊர் மண்டபத்தில் எல்லாருக்கும் போட்டுக் காட்டுவார்கள். இதுவரை ஆயிரத்துக்கும் மேற்பட்ட குறும்படங்கள் வந்திருக்கின்றன. 2017 முதல் யுனெஸ்கோவின் கூட்டாளி அமைப்பு.

சமூகப் பணியாளரை நான் தனியாகக் குறிப்பிடக் காரணம் உண்டு. முதல் தடவை பார்க்கும்போது, படப்பட்டறைக்கு இவர் எதற்கு என்று தோன்றும். ஒரு பிள்ளை ‘அம்மா ஏன் குடிக்கிறார்’ என்று ஒரு படத்தைத் தொடங்கினால், மூன்றாவது நாள் ராத்திரி அந்தப் பிள்ளைக்குப் பக்கத்தில் எடிட்டர் இருந்து புண்ணியமில்லை. இந்த ஆளுக்குச் சம்பளம் ஒதுக்காமல் ‘கேமராவைக் கொடுத்துவிட்டோம்’ என்று அறிக்கை எழுதும் திட்டங்களும் உண்டு. அவற்றைப் பற்றி உங்கள் சந்தேகம் முழுக்கச் சரி.

மேசையில் நடந்த ஒன்றைச் சொல்கிறேன். அபிதிபிப் பகுதியில் ஓர் அனிஷினாபே ஊர். பையன் தன் பாட்டியைப் படமெடுத்துக்கொண்டு வந்தான். பாட்டி மூஸ் மான் தோலை ஒரு சட்டத்தில் இழுத்துக் கட்டி, சுரண்டிக்கொண்டே பேசுகிறார். பேச்சு முழுக்க அனிஷினாபே மொழியில். பையனுக்குப் பிரெஞ்சு மட்டும் சரளம், பாட்டி பேசுவதில் அங்கொன்றும் இங்கொன்றுமாகத்தான் பிடிபடும். காலரில் குத்திய மைக்கில் சுரண்டும் சத்தம் ‘கர்ர், கர்ர்’ என்று ஏறி நிற்கிறது. அவன் முதலில் செய்தது, சத்தம் அதிகமான இடங்களை வெட்டியது. அடுத்து, பாட்டி பேசாமல் இருக்கும் இடைவெளிகளை எல்லாம் வெட்டினான். யூடியூப் பார்த்து வளர்ந்த கை அப்படித்தான் வெட்டும். பார்க்க விறுவிறுப்பாக இருந்தது. சப்டைட்டில் போட அத்தையைக் கூப்பிட்டு உட்காரவைத்தோம். அத்தை ஹெட்போனை மாட்டி ஒரு நிமிடம் கேட்டுவிட்டுக் கழற்றிவிட்டார். “அவள் இன்னும் சொல்லி முடிக்கவில்லையே, நீ எப்படி வெட்டலாம்?” என்று கேட்டார். வாக்கியம் எங்கே முடிகிறது என்று பையனுக்கும் தெரியாது, எனக்கும் தெரியாது. வெட்டியதை எல்லாம் திரும்ப ஒட்டினோம். அப்போதுதான் தெரிந்தது, தோலைப் பதம் செய்வதைப் பற்றிப் பேசிக்கொண்டே வந்தவர் நடுவில் நிறுத்தி, நெடுநேரம் சுரண்டிவிட்டு, பள்ளிக்கு ஏற்றிப் போக வண்டி வந்த காலையைப் பற்றி நான்கு வாக்கியம் சொல்லியிருந்தார். பையன் வெட்டியிருந்த இடைவெளி அதற்கு முன்னால் இருந்தது. அந்த நான்கு வாக்கியத்தில் இரண்டையும் வெட்டியிருந்தான்.

அதன் பிறகு அத்தை மூன்று நாள் வந்தார். ஒவ்வொரு வாக்கியத்தையும் நிறுத்தி நிறுத்தி அவனுக்குச் சொன்னார். அவன் திருப்பிச் சொல்லிப் பார்த்தான், டைம்லைனில் குறித்தான். பாட்டியிடம் போய்ச் சந்தேகம் கேட்டான், பாட்டி சிரித்துவிட்டு வேறொன்று சொன்னார், அதையும் பதிவு செய்துகொண்டு வந்தான். கடைசியில் வந்த படம் சுமாரான படம்தான். ஃபோகஸ் இரண்டு இடத்தில் போய்விட்டது. எந்த விழாவும் அதை எடுத்துக்கொள்ளவில்லை. ஆனால் அந்த வீட்டில் இரண்டு தலைமுறையாக யாரும் கேட்காததை ஒரு பதினேழு வயதுக்காரன் கேட்பதற்கு ஒரு சாக்கு கிடைத்தது. ‘சும்மா கேட்கிறேன்’ என்றால் அவனும் கேட்டிருக்க மாட்டான், பாட்டியும் சொல்லியிருக்க மாட்டார். ‘படத்துக்காகக் கேட்கிறேன்’ என்றால் இருவருக்குமே கூச்சம் விட்டுப்போகிறது. கல்வி என்று நான் இந்த மூன்று நாட்களைத்தான் சொல்வேன். நிதி கொடுப்பவர்கள் எண்ணுவது படங்களை, விருதுகளை. இந்த மூன்று நாளை எண்ண அவர்களுடைய படிவத்தில் கட்டமே இல்லை.

அடையாளம் என்று பேசும்போது நாம் ஒரு தவறான படத்தை மனதில் வைத்துக்கொள்கிறோம். எல்லா ஊரிலும் மொழி போய்விட்டது, எல்லாரும் தேடிக்கொண்டிருக்கிறார்கள் என்று. அப்படியில்லை. அட்டிகமேக் ஊர்களான மனவான், ஓபிட்சிவான், வெமோதாசி மூன்றிலும் பிள்ளைகள் இன்றும் தாய்மொழியில்தான் சண்டை போடுகிறார்கள். கெபெக் நகருக்கு ஒட்டியுள்ள வெண்டாக்கேயில் வெண்டாட் மொழி பேச்சுவழக்கிலிருந்தே மறைந்து, பழைய பாதிரியார்களின் அகராதிகளிலிருந்து திரும்ப எடுத்துக் கற்கிறார்கள். கிட்சிசாகிக் என்ற அனிஷினாபே ஊர் இந்த இரண்டுக்கும் நடுவில். அந்த ஊர்க்காரர் கெவின் பாபாட்டி 2007இல் எடுத்த ஒரு சின்னப் படம், ஒரே குடும்பத்தின் நான்கு தலைமுறைகளை வரிசையாகக் காட்டி, மொழி எப்படிப் படிப்படியாக நழுவுகிறது என்று சொல்லிவிடும். வாபிகோனி பட்டறையில் வந்தவர்தான் அவர். விளக்கவுரை எழுதியிருந்தால் ஒரு மணி நேரம் ஆகியிருக்கும்.

பிள்ளைகளை அவர்கள் போக்கில் விட்டால், இறகும் மேளமும் அதிகம் வராது என்பதையும் சொல்ல வேண்டும். ஹாக்கி வரும். காதலி விட்டுப்போனது வரும். ஊரில் சுற்றும் நாய்கள் வரும், அவற்றுக்குத் தனித்தனிப் பெயரும் வரலாறும் உண்டு. நக்கல் நிறைய வரும். வெள்ளைக்காரச் சுற்றுலாக்காரர்களைப் போல நடித்துக் கிண்டல் செய்வதில் அவர்களை மிஞ்ச ஆளில்லை. ராப் பாடல் வரும். பிக்கோகான் என்ற அனிஷினாபே ஊரைச் சேர்ந்த சாமியன் இன்று பெயர் பெற்ற ராப் பாடகர், அவருடைய தொடக்கமும் இந்த வண்டியில்தான். ஆனால் விழாக்களுக்குத் தேர்வாவது பெரும்பாலும் வலியைச் சொல்லும் படங்கள். பிள்ளைகள் முட்டாள்கள் இல்லை, இரண்டு பட்டறையில் கண்டுபிடித்துவிடுவார்கள், வெளியூரார் எதற்குக் கைதட்டுகிறார்கள் என்று. பிறகு கைதட்டு விழும் அடையாளத்தையே திரும்பத் திரும்ப எடுக்கத் தொடங்கினால், அது தேடலா, பழக்கமா என்று எனக்குச் சந்தேகம் வந்துவிடும். உங்கள் மகள் பள்ளியில் காட்டியது எந்த வகை என்று நீங்கள் எழுதவில்லை. ஐந்து நிமிடம், செப்டம்பர் 30 என்றால் அநேகமாக வலியைச் சொல்வதாகத்தான் இருக்கும்.

இனி முதல் கேள்வி, படிப்பு. படிப்பை விட்டவர்கள் இதனால் பள்ளிக்குத் திரும்புகிறார்களா? சிலர் திரும்புகிறார்கள், நான் பார்த்திருக்கிறேன். ஆனால் பட்டறையால்தான் திரும்பினார்கள் என்று சத்தியம் செய்ய மாட்டேன். பட்டறைக்கு முதல் நாளே வந்து நிற்கும் பிள்ளை, ஏற்கனவே எதையாவது தேடிக்கொண்டிருக்கும் பிள்ளை. அது வண்டி வராவிட்டாலும் வேறு வழியில் போயிருக்கலாம். நான்கு நாள் வண்டியைச் சுற்றிச் சுற்றி வந்து, ஐந்தாம் நாள் காணாமல் போகும் பிள்ளைகள்தான் எண்ணிக்கையில் அதிகம். அவர்களுக்கு என்ன ஆயிற்று என்று யாரும் படம் எடுப்பதில்லை. ஒரு மாதம் முடிந்து வண்டி போனதும் கேமராவும் போய்விடுகிறது என்பது இன்னொரு பெரிய குறை. கைப்பேசியில் எடுக்கலாம், ஆனால் பக்கத்தில் உட்கார்ந்து ‘இன்னொரு தடவை கேட்டுப் பார்’ என்று சொல்ல ஆள் வேண்டுமே.

பள்ளி இதை எப்படி எடுத்துக்கொள்கிறது என்பதில் எல்லாம் இருக்கிறது. ஓர் ஊரில் ஒரு பிரெஞ்சு ஆசிரியை, சப்டைட்டில் எழுதியதையே மொழிபெயர்ப்புப் பயிற்சியாக ஏற்று மதிப்பெண் போட்டார். பிள்ளை அந்த வருடம் தேறினாள். வேறோர் ஊரில் அதே அளவு உழைத்த பையனுக்கு மூன்று வாரம் ‘வரவில்லை’ என்று பதிவேட்டில் விழுந்தது, அதற்கு ஒரு கடிதமும் வீட்டுக்குப் போனது. பட்டறையில் இருவருக்கும் கிடைத்தது ஒன்றுதான். வித்தியாசம் பள்ளியில். 1972இலேயே தேசிய இந்தியச் சகோதரத்துவம் என்ற அமைப்பு, எங்கள் பிள்ளைகளின் கல்வி எங்கள் கையில் இருக்க வேண்டும் என்று கொள்கை அறிக்கை எழுதி அரசிடம் கொடுத்துவிட்டது. அதன் வழியில் நிறையத் தாமதமாக வந்ததுதான் ஒடனாக்கில் 2011இல் திறந்த கியூனா கல்லூரி. முதற்குடிகளே நடத்துவது. அப்படி ஓர் இடம் இருந்தால், பட்டறையில் வெளிச்சம் கண்ட பிள்ளைக்கு அடுத்த படி எங்கே என்று காட்ட முடிகிறது.

பள்ளிக்கூடம் கட்டலாமே என்றீர்கள். கட்டிய கதை ஒன்று இருக்கிறது, அதையும் சொல்ல வேண்டும். ஒண்டாரியோவின் வடக்கே ஜேம்ஸ் வளைகுடாப் பக்கம் அட்டவாபிஸ்காட் என்ற க்ரீ ஊர். 1979இல் பள்ளிக்கு அடியில் டீசல் கசிந்து மண்ணில் ஊறிவிட்டது. பிள்ளைகளுக்குத் தலைவலி, வாந்தி. 2000இல்தான் பள்ளியை மூடினார்கள். பிறகு பதினான்கு வருடம் தற்காலிகக் கொட்டகைகளில், குளிர் உள்ளே புகும் அறைகளில் வகுப்பு. எட்டாம் வகுப்புப் பிள்ளைகள் இணையத்தில் காணொளி போட்டும் மற்றப் பள்ளி மாணவர்களுக்குக் கடிதம் எழுதியும் நாட்டைத் திரும்பிப் பார்க்கவைத்தார்கள். ஷானன் கூஸ்டாச்சின் என்ற சிறுமி 2008இல் ஒட்டாவாவுக்குப் போய் அமைச்சரை நேரே பார்த்துக் கேட்டாள். பணம் இல்லை என்றார். உயர்நிலைப் படிப்புக்கு வீட்டை விட்டுத் தூரத்து ஊருக்குப் போனவள் 2010இல் சாலை விபத்தில் இறந்தாள், வயது பதினைந்து. 2012 பிப்ரவரியில் நாடாளுமன்றம் அவள் பெயரால் ஒருமனதாகத் தீர்மானம் போட்டது. 2014இல் புதுப் பள்ளி திறந்தது. அலானிஸ் ஒபொம்சாவின் என்ற பெண் இயக்குநர் இதைப் பற்றி 2013இல் முழுநீள ஆவணப்படம் எடுத்தார். அபெனாகி இனத்தவர், 1971லேயே விடுதிப் பள்ளிக் குழந்தைகளின் ஓவியங்களையும் குரல்களையும் வைத்துத் தன் முதல் படத்தை எடுத்தவர். அவருடைய 2013 படத்தால் பள்ளி வந்தது என்று சிலர் எழுதுகிறார்கள், தேதியைப் பார்த்தாலே அது சரியில்லை என்று தெரியும். தீர்மானம் முதலில், படம் பிறகு. பள்ளியைக் கொண்டுவந்தது பிள்ளைகளின் போராட்டம், அதற்கு அவர்களே எடுத்துப் போட்ட சின்னச் சின்னக் காணொளிகளும் ஒரு கை கொடுத்தன.

பணத்தைப் பற்றி நேராகச் சொன்னால், கேமராவுக்குப் போகும் காசை நிறுத்தினால் அது பள்ளிக்குப் போய்ச் சேராது. இரண்டும் வெவ்வேறு துறைகளின் வெவ்வேறு பைகள். 2011இல் வாபிகோனிக்கு ஒட்டாவாவிலிருந்து வந்துகொண்டிருந்த பெருந்தொகை ஒன்று திடீரென நின்றது, பயணங்களைக் குறைக்க வேண்டி வந்தது. அட்டவாபிஸ்காட் பிள்ளைகள் அப்போதும் கொட்டகையில்தான் இருந்தார்கள்.

குற்ற உணர்ச்சிக்கு மருந்தா என்று கேட்டீர்களே, சில இடங்களில் ஆம். ஒரு பாட்டி அழும் மூன்று வினாடியை ஒரு தொலைக்காட்சி நிறுவனம் தன் விளம்பரத் துண்டில் போட்டது, எடுத்த பெண்ணிடமும் கேட்கவில்லை, பாட்டியிடமும் கேட்கவில்லை. ஒப்பந்தத்தில் இடமிருந்ததாம். அந்தக் குடும்பம் படத்தையே இணையத்திலிருந்து எடுக்கச் சொல்லிவிட்டது. ஆய்வாளர்களிடமும் இப்படிப்பட்ட அனுபவங்கள் சேர்ந்துதான் 1998இல் முதற்குடிகள் தங்களைப் பற்றிய தகவல்களுக்கு உரிமை, கட்டுப்பாடு, அணுகல், கைவசம் என்ற நான்கும் தங்களிடமே இருக்க வேண்டும் என்று வகுத்தார்கள். அது முதலில் ஆய்வுத் தரவுகளுக்காக எழுதப்பட்டது, இப்போது படங்களுக்கும் அதே தர்க்கத்தைக் கேட்கிறார்கள். டொராண்டோவின் இமேஜின்நேட்டிவ் விழா அமைப்பு 2019இல் திரைத்துறைக்கென்றே ஒரு நடைமுறைக் கையேட்டை வெளியிட்டது. நான் இப்போது வைத்திருக்கும் வழக்கம்: பேசியவர் முழுப் படத்தையும் பார்க்காமல் ஏற்றுமதிப் பொத்தானை அழுத்துவதில்லை. பதினைந்து வயதில் சம்மதித்த பிள்ளையிடம் பதினெட்டில் இன்னொரு தடவை கேட்பது நல்லது, ஆனால் அதை எல்லாரும் செய்வதில்லை, நானும் எல்லா நேரமும் செய்ய முடிந்ததில்லை.

உங்கள் மகளோடு பேசுவதற்கு ஒரு யோசனை. அந்தப் படத்தின் கடைசிப் பெயர்ப் பட்டியலை நிறுத்திப் பாருங்கள். தொகுத்தவர் யார், மொழிபெயர்த்தவர் யார் என்று இருக்கும். இரண்டிலும் அந்த ஊர்ப் பெயர்கள் இருந்தால் அது வேறு மாதிரிப் படம். பிறகு தேசியத் திரைப்பட வாரியத்தின் தளத்தில் கார்ன்வால் பாலத்துப் படத்தைச் சேர்ந்து பாருங்கள், இலவசம்தான், நாற்பது நிமிடத்துக்குள் முடிந்துவிடும். வாபிகோனியின் தளத்திலும் நிறையக் குறும்படங்கள் திறந்தே கிடக்கின்றன, அதில் சோகப் படம் ஒன்று எடுத்தால் கிண்டல் படம் ஒன்றும் எடுங்கள். பார்த்துவிட்டு அவள் என்ன சொன்னாள் என்று முடிந்தால் இங்கே எழுதுங்கள்.